சுனாமிக்கு அப்புறம் எங்க அத்தை

எங்களுக்கு நாகப்பட்டினம் பக்கத்துல கீச்சாங்குப்பம். 2004 டிசம்பர் 26 ஞாயித்துக்கிழமைங்கிறதால புள்ளைங்கல்லாம் ஊர்லயேதான் இருந்துச்சுங்க, நாகை மாவட்டத்துல மட்டும் 6,000 பேருக்கு மேல செத்துப்போனாங்க, அதுல எங்க அத்தையோட மகளும் மகனும். அந்த நாளப்பத்தி இதுக்கு மேல எழுத முடியல, அதுக்கப்புறம் நடந்ததத்தான் சொல்ல வந்தேன்.

அத்தை ஏற்கனவே குடும்பக் கட்டுப்பாடு ஆபரேஷன் பண்ணிக்கிட்டவங்க. புள்ளைங்கள பறிகொடுத்தவங்களுக்கு அத மாத்தி திரும்ப ஆபரேஷன் பண்ண கவர்மெண்டே பணம் குடுத்துச்சு, எங்க கரையில நெறைய பேரு பண்ணிக்கிட்டாங்க, சிலருக்கு தங்குச்சு, சிலருக்கு கடைசி வரைக்கும் இல்ல. ஆனா வர்றவங்க போறவங்கல்லாம் "இன்னொன்னு பெத்துக்க, எல்லாம் சரியாயிடும்"னு சொன்னாங்க பாருங்க, அத இப்ப நெனச்சாலும் எனக்கு ஆத்திரமா வருது.

அத்தைய எழுப்பி உக்கார வச்சது மீனுதான். தார் ஷீட் போட்ட ஷெட்டுல, அந்த வேக்காட்டுல, செவத்தப் பாத்துக்கிட்டே கெடந்தவங்கள பக்கத்து ஷெட்டு ஆயா, அவங்களும் பேரனப் பறிகொடுத்தவங்கதான், "வாடி ஏலத்துக்கு"ன்னு கையப் புடிச்சு இழுத்துக்கிட்டு போனாங்க. அதுக்கு முன்னாடி கொஞ்ச நாள் மீனு வாங்கவே ஜனங்க பயந்தாங்க, அப்பத்தான் யாவாரம் லேசா திரும்பி இருந்த நேரம். கடலுக்கு முதுகக் காட்டிக்கிட்டு அன்னக்கூடையோட உக்காந்திருப்பாங்களாம், வாயே தெறக்க மாட்டாங்களாம். ஒருநாள் மத்தி கூறுக்கு வெலைய ஏத்திச் சொன்னான்னு ஏலக்காரர்கிட்ட சண்டைக்குப் போயிட்டாங்க, மொத்த எடமும் திரும்பிப் பாத்துச்சு. அந்த ஆயா அங்கயே அழுதுட்டாங்கன்னு அம்மா சொல்லுவாங்க.

அப்புறம்தான் பொண்ணு பொறந்துச்சு. மூத்தவ பேரையே வைக்கணும்னு சொந்தக்காரங்க ஒத்தக்கால்ல நின்னாங்க. அத்தை ஒத்துக்கல. "அது அவ பேரு. இவ வேற புள்ள, இவளுக்கு வேற பேரு வைங்க"ன்னுட்டாங்க. இப்ப அந்தப் பொண்ணு காலேஜ் படிக்குது, அக்கா அண்ணன்னு சொல்லித்தான் வளத்திருக்காங்க.

டிசம்பர் 26 வந்தா எங்க ஊர்ல யாரும் தொழிலுக்குப் போறதில்ல, அத்தையும் மகளக் கூட்டிக்கிட்டு அஞ்சலிக்குப் போவாங்க. மத்த நாள்ல அந்த ரெண்டு புள்ளைங்களப்பத்திக் கேட்டா, பெரியவ தலை பின்னிக்க ஓடுறதுலேருந்து சின்னவன் எறா மட்டும் பொறுக்கித் திங்கிறது வரைக்கும் மணிக்கணக்கா பேசுவாங்க, கேக்கத்தான் ஆள் இல்ல, அழுதுடுவாங்களோன்னு எல்லாரும் பேச்ச மாத்திடுறாங்க.