அலமேலு: அந்த 'ர்' எங்கே போனது?

திண்டிவனத்தார்:
பெயர் சூட்டும் இழையில் நெல்லூர் மாப்பிள்ளை நேற்று போகிற போக்கில் எழுதிவிட்டுப் போனது இது: "அலமேலு சுத்தத் தெலுங்குப் பெயர். அலர்மேல் மங்கை என்பதெல்லாம் தமிழர்கள் பிற்பாடு ஒட்டிய விளக்கம்." படித்ததிலிருந்து காபி இறங்கவில்லை. திருவேங்கடத்தானைப் பார்த்து நம்மாழ்வார் 'அகலகில்லேன் இறையும் என்று அலர்மேல் மங்கை உறை மார்பா' என்று பாடியிருக்கிறார். அலர் என்றால் பூ. பூவின்மேல் இருக்கிற மங்கை, அதாவது பெருமாளின் தேவியான தாயார். தெலுங்குக் கவி அன்னமய்யா அலமேலுமங்கா என்று கீர்த்தனை பாடியது 15ஆம் நூற்றாண்டில். ஆழ்வார் அதற்குப் பல நூற்றாண்டு முந்தியவர். இப்போது சொல்லுங்கள், யார் எதை ஒட்டினார்கள்?

நெல்லூர் மாப்பிள்ளை:
பாசுரம் எனக்கும் தெரியும் ஐயா, மாமியார் வீட்டில் தினமும் சேவிக்கிறார்கள். நான் கேட்பது ஒன்றே ஒன்று. அலர்மேல் என்பதில் 'ர்' இருக்கிறது. அலமேலுவில் இல்லை. அந்த 'ர்' எங்கே போனது?

திண்டிவனத்தார்:
பார்த்தேன் பாத்தேன் ஆகிறது, சேர்த்து சேத்து ஆகிறது. 'ர்' தமிழ்நாட்டில் தினமும் காணாமல் போகிற எழுத்துதான். யாரும் போலீசில் புகார் கொடுப்பதில்லை.

நெல்லூர் மாப்பிள்ளை:
அதெல்லாம் பின்னால் 'த்' வருகிற இடம். 'ம' வருகிற இடத்தைக் காட்டுங்கள். நேர்மையை நேமை என்பீர்களா? எனக்குச் சொந்த ஊர் சிவகங்கைப் பக்கம். அங்கே கார்மேகம் என்று தெருவுக்கு ஒருவர் உண்டு. ஒருவரையாவது யாராவது 'காமேகம்' என்று கூப்பிட்டுக் கேட்டிருக்கிறீர்களா?

சீனு68:
என் அத்தை பெயர் அலமேலு. வீட்டில் அலமு. நான் ஸ்ரீநிவாசன், அது சீனிவாசன் ஆகி, கடைசியில் சீனுவாகத் தேய்ந்துவிட்டேன். என் அண்ணன் கிருஷ்ணன் பாட்டிக்குக் கிச்சா, தாத்தாவுக்குக் கிட்டு. எந்த எழுத்து எந்தத் தெருவில் விழுந்தது என்று யார் கணக்கு வைத்தார்கள்? எனக்கு வேடிக்கையாகப் படுவது வேறு. அலர்மேல் மங்கையில் மங்கையை விட்டுவிட்டு 'பூவின்மேல்' என்பதை மட்டும் பெண்ணுக்குப் பெயராக வைத்திருக்கிறோம். அலமு என்று சுருக்கும்போது அந்த 'மேல்'கூட முழுசாக இல்லை. விட்டுப்போன மங்கையைச் சின்ன அத்தைக்கு வைத்தார்கள், அவள் மங்கா.

திண்டிவனத்தார்:
சீனு, அத்தை கதையெல்லாம் அப்புறம். மாப்பிள்ளை, சிவகங்கை என்றீர்களே, நல்லதாகப் போயிற்று. வேலு நாச்சியார் உங்கள் சீமைதானே? வேல் எப்படி வேலு ஆனது? அவரும் தெலுங்கரா? வேல் வேலு ஆகலாம், பால் பாலு ஆகலாம், மேல் மட்டும் மேலு ஆகக்கூடாதோ?

நெல்லூர் மாப்பிள்ளை:
'லு'வைப் பற்றி நான் வாயே திறக்கவில்லை. கேட்டது 'ர்'.

வாணி:
ஒரு சின்ன சந்தேகம். தெலுங்குப் பெயர் என்றால் தெலுங்கில் பிறந்த பெயரா, தெலுங்கர்கள் வைத்துக்கொள்கிற பெயரா? இரண்டும் ஒன்றில்லையே?

நெல்லூர் மாப்பிள்ளை:
தெலுங்கில் 'அல' என்றால் அலை. 'மேலு' என்றால் நன்மை. இரண்டும் உயிரோடு இருக்கிற சொற்கள். எந்த எழுத்தையும் தொலைக்காமல் பொருள் வருகிறது.

திண்டிவனத்தார்:
அலை நன்மை! கடலோரத்தில் குடியிருப்பவர்களிடம் போய்ச் சொல்லிப் பாருங்கள். தாயாருக்கு 'அலை நன்மை மங்கை' என்று யார் பெயர் வைப்பார்கள்? திருப்பதி பக்கத்துத் திருச்சானூர்க் கோயிலில் அவள் பத்மாவதி. பத்மம் என்றால் தாமரை. அங்கேயும் பூ, இங்கேயும் பூ. உங்கள் அலை எந்தப் பக்கத்திலிருந்து அடிக்கிறது? ஆந்திராவில் அலிவேலு மங்கா என்று சொல்பவர்களும் உண்டு. 'ம' போய் 'வ' வந்துவிட்டது, நடுவில் ஒரு 'லி' வேறு. பொருள் தெரியாத வாயில்தான் சொல் இப்படி உருளும். பிறந்த வீட்டில் அது ஒழுங்காக இருக்கும்.

நெல்லூர் மாப்பிள்ளை:
பிறந்த வீட்டில் ஒழுங்காக இருந்தால் 'ர்' எங்கே? அலர்மேல் என்று பெயர் வைத்துக்கொண்ட ஒரே ஒருவரைக் காட்டுங்கள், பார்ப்போம்.

திண்டிவனத்தார்:
அலர்மேல் வள்ளி. சென்னை. பரதநாட்டியம். பத்மபூஷண். 'ர்' பத்திரமாக இருக்கிறதா என்று எண்ணிப் பார்த்துக்கொள்ளுங்கள்.

நெல்லூர் மாப்பிள்ளை:
ஒன்று. நான் கேட்டது தெருவில் கூப்பிடுகிற பெயரை.

திண்டிவனத்தார்:
நீங்கள் கேட்டது "ஒரே ஒருவர்". மேலே அப்படியே இருக்கிறது. கோல்கம்பத்தை வண்டியில் ஏற்றிக்கொண்டு திரிகிறீர்கள்.

மல்லேஸ்வரம்:
நீங்கள் இருவரும் அடித்துக்கொள்ளுங்கள். அலமேலம்மா எங்களுக்குத்தான் பழக்கம். ஸ்ரீரங்கபட்டணத்தை ராஜ உடையார் 1610இல் பிடித்தபோது, அங்கே ஆண்ட திருமலராயரின் மனைவி அலமேலம்மா நகைகளோடு காவிரியில் குதித்தார் என்பது கதை. தலக்காடு மணலாகட்டும், மாலங்கி மடுவாகட்டும், மைசூர் அரசருக்குப் பிள்ளை இல்லாமல் போகட்டும் என்று சாபம் விட்டார். இன்றும் மைசூரில் குழந்தைகூடச் சொல்லும். அந்தப் பெயர் கன்னடமில்லை என்று அங்கே போய்ச் சொல்லுங்கள்.

திண்டிவனத்தார்:
1610? அன்னமய்யா காலமாகி நூறு வருஷம் தாண்டிவிட்டது. ஆழ்வாரைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். வரிசையில் பின்னால் போய் நில்லுங்கள்.

மல்லேஸ்வரம்:
எல்லா வரிசையிலும் நீங்கள்தானே முன்னால் நிற்பீர்கள், காவிரித் தண்ணீர் உட்பட. போன மாசம் சாம்பார் இழையிலும் இதே ஆட்டம்தான்.

வாணி:
நான் கேட்டதற்கு யாராவது பதில் சொல்வீர்களா?

திண்டிவனத்தார்:
சாம்பார் இழையில் நான் தோற்கவில்லை. பூட்டிவிட்டார்கள். வேண்டுமானால் மறுபடி திறக்கட்டும். மாப்பிள்ளைக்கு இன்னொன்று: திருச்சானூருக்கே அலமேலுமங்காபுரம் என்று பெயர் உண்டு. அந்த ஊர் திருவேங்கட மலையின் அடிவாரம். 'வடவேங்கடம் தென்குமரி ஆயிடைத் தமிழ்கூறு நல்லுலகம்' என்று தொல்காப்பியப் பாயிரம் எல்லை கட்டிய இடம். இரண்டு மொழியும் உரசிக்கொள்கிற இடத்தில் ஒரு 'ர்' தேய்ந்தால் அதற்குப் பஞ்சாயத்தா?

நெல்லூர் மாப்பிள்ளை:
அப்படியென்றால் தேய்த்தது தெலுங்கு வாய் என்று நீங்களே சொல்கிறீர்கள். ஸ்கிரீன்ஷாட் எடுத்துவிட்டேன்.

திண்டிவனத்தார்:
உரசியது என்றுதான் சொன்னேன். தேய்த்தது யார் என்று சொல்லவில்லை. தமிழைத் தமிழாகப் படியுங்கள்.

சீனு68:
அத்தைக்குப் போன் போட்டுக் கேட்டேன். "எந்த 'ர்'ரு?" என்கிறாள்.

நெல்லூர் மாப்பிள்ளை:
அதைத்தான் நானும் கேட்கிறேன்.

மல்லேஸ்வரம்:
சாம்பார் இழையில் தோற்கவில்லையாம்! பூட்டுவதற்கு முன் கடைசியாக யார் பேச்சில்லாமல் நின்றார்கள் என்று எல்லோருக்கும் தெரியும்.

திண்டிவனத்தார்:
அன்று என் வீட்டில் கரண்ட் இல்லை.