சிறப்புப் படை, சிறப்பு நடவடிக்கை அணி, படையணி: எதற்கு எது?

நண்பர்களுக்கு வணக்கம்.

அமெரிக்கத் தரைப்படையின் 75-ஆவது ரேஞ்சர் ரெஜிமெண்ட் பற்றிய கட்டுரை கலைக்களஞ்சியத்துக்குத் தயாராகிறது. நாளிதழ்களில் ‘சிறப்புப் படை’, ‘அதிரடிப்படை’, ‘கமாண்டோ படை’ மூன்றையும் ஒரே பொருளில் எழுதுகிறார்கள். பெரியதிலிருந்து சிறியதாக வரும் ரெஜிமெண்ட், பட்டாலியன், கம்பெனி, பிளட்டூன் நான்குக்கும் ‘படைப்பிரிவு’ என்ற ஒரே சொல்தான் புழக்கத்தில் இருக்கிறது. அப்படியே எழுதினால் ‘மூன்று படைப்பிரிவுகள் கொண்ட இப்படைப்பிரிவில் ஒவ்வொரு படைப்பிரிவுக்கும் நான்கு படைப்பிரிவுகள்’ என்று வரும். பட்டாலியனுக்குத் தமிழ்ச்சொல் வேண்டும். ‘சிறப்பு நடவடிக்கைகளுக்கான பட்டாலியன்’ என்பதற்கும் ஒரு சொல் வேண்டும். ஆலோசனை சொல்லுங்கள்.

செ., சென்னை

———

> மூன்றையும் ஒரே பொருளில் எழுதுகிறார்கள்.

ஐயா, முதலில் இதைத் தீர்த்தால்தான் பட்டாலியனுக்குப் போக முடியும்.

அமெரிக்காவில் ‘ஸ்பெஷல் ஃபோர்சஸ்’ பொதுப்பெயர் இல்லை. ‘கிரீன் பெரே’ எனப்படும் பச்சைத் தொப்பிக்காரர்களுக்கு மட்டும் உரிய பெயர் அது. அவர்களுடைய அடிப்படை அலகில் 12 பேர்: ஒரு கேப்டன், ஒரு வாரண்ட் அதிகாரி, ஒரு தலைமை சார்ஜெண்ட், ஓர் உளவு சார்ஜெண்ட், அதோடு ஆயுதம், வெடிபொருள்-கட்டுமானம், மருத்துவம், தகவல்தொடர்பு ஆகிய நான்கு துறைகளுக்கும் இருவர் இருவராக எட்டுப் பேர். துறைக்கு இருவர் இருப்பதால் தேவைப்படும்போது குழுவை ஆறாறு பேராக இரண்டாகப் பிரிக்கலாம், எந்தத் திறனும் விட்டுப்போகாது. அயல்நாட்டில் உள்ளூர்ப் படைகளைத் திரட்டிப் பயிற்றுவித்து அவர்களோடு சேர்ந்து போரிடுவது இவர்களின் முதல் வேலை.

ரேஞ்சர்கள் அந்த வகை இல்லை. அவர்கள் காலாட்படை. பட்டாலியன், கம்பெனி, பிளட்டூன், ஸ்குவாட் என்ற வழக்கமான அடுக்குதான். ஸ்குவாடில் ஒன்பது பேர், தலைவர் ஒருவரும் நால்வர் கொண்ட இரண்டு சுடுகுழுக்களும். விமானதளத்தைக் கைப்பற்றுவது, ஓர் இலக்கை இரவில் தாக்கிவிட்டு விடிவதற்குள் வெளியேறுவது போன்றவை இவர்களின் வேலை. பச்சைத் தொப்பிக்காரர்கள், ரேஞ்சர்கள், பயங்கரவாத எதிர்ப்பு அலகான டெல்டா, அவர்களை ஏற்றிச் செல்லும் ஹெலிகாப்டர் ரெஜிமெண்ட் எல்லாம் சேர்ந்த குடைக்குத்தான் ‘ஸ்பெஷல் ஆபரேஷன்ஸ்’ என்று பெயர். ஆகவே ரேஞ்சர்களைச் ‘சிறப்புப் படை’ என்று எழுதினால் அது தகவல் பிழை.

பிரிட்டனில் நிலைமை தலைகீழ். அங்கே குடையின் பெயரே ‘ஸ்பெஷல் ஃபோர்சஸ்’. இந்தியாவிலோ பாராசூட் ரெஜிமெண்டின் குறிப்பிட்ட சில பட்டாலியன்களுக்கு மட்டும் அது பெயரோடு ஒட்டிய தகுதி: 9 பாரா (சிறப்புப் படை), 21 பாரா (சிறப்புப் படை) என்பதுபோல. அதே ரெஜிமெண்டில் வான்குடைக் காலாட்படையாகவே இருக்கும் 5, 6, 7 பாராவுக்கு அந்த அடைமொழி கிடையாது.

எனவே என் முன்மொழிவு: குடைக்குச் ‘சிறப்பு நடவடிக்கைப் படைகள்’. ‘சிறப்புப் படை’ என்பது அந்தந்த நாட்டில் அந்தப் பெயரைச் சட்டப்படி தாங்கும் அலகுக்கு மட்டும்.

இனி பட்டாலியன். புதிதாக ஒன்றும் உருவாக்க வேண்டாம், அரசு வழக்கில் சொல் ஏற்கெனவே இருக்கிறது. தமிழ்நாடு சிறப்புக் காவல் படையின் பட்டாலியன்களை ‘அணி’ என்றே எழுதுகிறோம்: திருச்சி 1-ஆம் அணி, மணிமுத்தாறு 9-ஆம் அணி. அதன் தலைவர் ‘தளவாய்’, அடுத்தவர் ‘துணைத் தளவாய்’. உத்தரவுகளிலும் பெயர்ப்பலகைகளிலும் பல்லாண்டாக நிலைத்த சொற்கள் இவை. பட்டாலியன் = அணி, ஸ்பெஷல் ஆபரேஷன்ஸ் பட்டாலியன் = சிறப்பு நடவடிக்கை அணி. இதை ஏற்கலாம் என்பது என் கருத்து.

ம., மதுரை

———

மதுரை ஐயாவின் மடலில் முதற்பகுதியை முழுமையாக ஏற்கிறேன். ‘அணி’ குறித்து மட்டும் இலங்கை வழக்கிலிருந்து இரண்டு குறிப்புகள்.

எமது பக்கத்தில் ரெஜிமென்டுக்குப் ‘படையணி’ என்பதே நிலைத்த சொல். கஜபா படையணி, கொமாண்டோ படையணி, விசேட படையணி என்று செய்திகளில் தினமும் வரும். நீங்கள் பட்டாலியனுக்கு ‘அணி’ என்று வைத்தால், எமது வாசகர் ‘படையணி’யின் சுருக்கம் என்று எடுத்து ரெஜிமென்டாக விளங்கிக்கொள்வார். பல மடங்கு ஆள்தொகை வித்தியாசம் அது.

இரண்டாவது, ‘அதிரடிப்படை’. இங்கே விசேட அதிரடிப்படை பொலிஸ் திணைக்களத்தைச் சேர்ந்தது, இராணுவம் அல்ல. தமிழ்நாட்டிலும் வீரப்பன் தேடுதலுக்கு அமைத்த அதிரடிப்படை காவல்துறையினுடையதே. ஆகவே இராணுவ அலகு எதற்கும் அந்தச் சொல்லைப் பயன்படுத்தவேண்டாம் என்று தெளிவாகவே எழுதிவிடலாம்.

இன்னொன்று. ‘ரெய்ட்’ என்பதற்கு ‘அதிரடித் தாக்குதல்’ என்று எழுதுவது வழக்கமாகிவிட்டது. ஆனால் திட்டமிட்ட பின்வாங்கல் இல்லாவிட்டால் அது ரெய்டே அல்ல. அந்தப் பாதியைச் சொல்லாத சொல் பயன்படாது. 1987 ஒக்டோபர் 11-12 இரவு யாழ்ப்பாணப் பல்கலைக்கழக வளாகத்தில் இந்தியப் படை செய்தது இதற்கு உதாரணம். விடுதலைப் புலிகளின் தலைமையைப் பிடித்துக்கொண்டு போவதே நோக்கம். எம்.ஐ-8 ஹெலிகொப்டர்களில் 10 பாரா கொமாண்டோக்களும், இறங்குதளத்தைக் காக்க 13 சீக்கிய இலகு காலாட்படை வீரர்களும் அலை அலையாக இறங்குவதாகத் திட்டம். எதிர்த்தரப்பு காத்திருந்தது. ஹெலிகொப்டர்கள் சூடுபட்டதால் பிந்திய அலைகள் நின்றுபோயின. இறங்கிய 30 சீக்கிய வீரர்களில் 29 பேர் இறந்தனர், ஒருவர் பிடிபட்டார். கொமாண்டோக்கள் அக்கம்பக்கத்து வீடுகளில் நிலையெடுத்து, மீட்புப் படை வரும்வரை அங்கேயே சிக்கியிருந்தனர். போகும் வழி, தாக்கும் நேரம், திரும்பும் வழி மூன்றும் ஒரே திட்டத்தின் உறுப்புகள். ஒன்று போனால் மற்ற இரண்டும் போய்விடும். எமது சொல்லில் திரும்புதலும் இருக்கவேண்டும் என்பது இதனால்தான்.

த., யாழ்ப்பாணம்

———

ரெய்டுக்குப் பழைய இலக்கணமே வழிகாட்டுகிறது. தொல்காப்பியப் புறத்திணையியலில், பகைவரின் ஆநிரையைக் கவர்தலைப் பாடும் வெட்சித் துறைகளின் வரிசையைப் பாருங்கள். புடைகெடப் போகிய செலவு: அக்கம்பக்கத்து ஒற்றர் அறியாமல் புறப்படுதல். வேய்: ஒற்றறிதல். புறத்திறை: ஊரைச் சூழ்ந்து தங்குதல். ஊர்கொலை, ஆகோள்: தாக்குதல், இலக்கைக் கைக்கொள்ளல். பூசல் மாற்று: துரத்தி வருவோரைத் தடுத்தல். நோயின்று உய்த்தல்: கவர்ந்ததைத் துன்பமின்றிக் கொண்டு சேர்த்தல். இன்றைய கையேடுகள் ஊடுருவல், வேவு, சுற்றிவளைப்பு, தாக்குதல், பின்காப்பு, வெளியேற்றம் என்று பிரிப்பதும் இதே வரிசைதான். யாழ்ப்பாண ஐயா கேட்ட திரும்புதல் இங்கே இரண்டு துறைகளாகவே நிற்கிறது.

எனவே ரெய்ட் = தாக்கிமீளல். பெயராகவும் வினையாகவும் வரும்: தாக்கிமீண்டனர், தாக்கிமீளும் அணி.

‘ஆபரேஷன்’ என்பதற்கு ‘நடவடிக்கை’யைவிட ‘வினை’ பொருந்தும் என்று நினைக்கிறேன். ‘வினைவலியும் தன்வலியும் மாற்றான் வலியும்’ என்ற குறளில் வினை என்பது படைச்செயலே. அகப்பாடல்களில் தலைவன் வினைமேல் பிரிந்து வினைமுடித்து மீள்வான். ‘சிறப்புவினை அணி’ என்றால் எழுத்தும் குறையும்.

பே., கோவை

———

கோவை அம்மாவின் ‘தாக்கிமீளல்’ மிகச் சரியாக அமைந்திருக்கிறது. அதை அப்படியே எடுத்துக்கொள்ளலாம். 1971 டிசம்பரில் 9 பாரா கமாண்டோ மண்டோலில் செய்தது இச்சொல்லுக்கு அளவெடுத்த உதாரணம். பூஞ்ச் பக்கம் எல்லையைக் கடந்து, பாகிஸ்தானின் ஆறு 122 மி.மீ. பீரங்கிகளைத் தகர்த்துவிட்டு அதே இரவில் திரும்பினார்கள். நிலத்தைப் பிடித்து வைத்துக்கொள்ளும் எண்ணமே அதில் இல்லை.

‘வினை’க்கு மட்டும் உடன்பாடில்லை. வேதியியலில் வினை என்றால் ஒரு பொருள், மொழியியலில் வேறொன்று, இலங்கையில் ‘வினைத்திறன்’ வேறு. பேச்சில் ‘வினையாகிப்போச்சு’ என்றால் கேடு. நாளிதழ்த் தலைப்பில் ‘சிறப்புவினை’ என்று பார்ப்பவர் படையை நினைக்கமாட்டார். ‘நடவடிக்கை’க்கு ஒழுங்கு நடவடிக்கை என்ற சாயல் உண்டுதான், ஆனால் ‘படை நடவடிக்கை’ இரு நாட்டிலும் புழங்குகிறது.

இனி யாழ்ப்பாண ஐயாவின் தடை. இது உண்மையான சிக்கல், ஏனென்றால் ரெஜிமெண்ட் என்ற சொல்லே படைக்குப் படை வேறுபடுகிறது. இந்தியாவில் ரெஜிமெண்ட் ஒரு குடும்பம்: ஆள்சேர்ப்பு, பயிற்சி மையம், மரபு அதனுடையவை. போர்க்களத்தில் ரெஜிமெண்டாக அது நிற்பதில்லை. பட்டாலியன்கள், சில பட்டாலியன்கள் சேர்ந்த களப்படைகளான வெவ்வேறு பிரிகேடுகளின் கீழ் போகும். மராத்தா இலகு காலாட்படையின் 21-ஆவது பட்டாலியன் 1996-இல் பாராசூட் ரெஜிமெண்டுக்கு மாறி 21 பாரா ஆனது. குடும்பம் மாறியது, எண்ணும் அலகும் தொடர்ந்தன. பிரிட்டனின் சிறப்புப் படைகளில் ஒன்றான 22-ஆவது எஸ்.ஏ.எஸ். பெயரில் ரெஜிமெண்ட், அளவில் ஒரு பட்டாலியன்தான்: கம்பெனி போன்ற நான்கு ஸ்குவாட்ரன்கள், ஒவ்வொன்றிலும் படகு, வான், ஊர்தி, மலை என டிரூப் எனப்படும் நான்கு சிறு பிரிவுகள். அமெரிக்க ரேஞ்சர் ரெஜிமெண்டோ ஒரு கர்னலின் கீழ் ஒன்றாகக் களமிறங்கக்கூடிய உண்மையான படை.

ஆகவே இயற்பெயரில் ‘ரெஜிமெண்ட்’ ஒலிபெயர்ப்பாகவே இருக்கட்டும். இலங்கைக் கட்டுரைகளில் மட்டும் அங்குள்ள அரசுப் பெயர்ப்படி ‘படையணி’. பட்டாலியனுக்கு ‘அணி’யைத் தனியாக நிறுத்தாமல் எப்போதும் எண்ணோடு எழுதினால் குழப்பம் தீரும்: 2-ஆம் அணி, 9-ஆம் அணி. முதல்முறை வரும்போது ‘2-ஆம் அணி, அதாவது பட்டாலியன்’ என்று சொல்லிவிடலாம். கம்பெனி, பிளட்டூன் இரண்டையும் தொட வேண்டாம். தேசிய மாணவர் படையில் சேர்ந்த பள்ளிப் பிள்ளைகளுக்கே தெரிந்த சொற்கள்.

கட்டுரைக்கான வரலாற்றில் ஒன்றை விடக்கூடாது. இந்த அணிகளின் அளவு தற்செயலாக வந்தது இல்லை. 1941-இல் பிரிட்டிஷ் கமாண்டோக்கள் தங்கள் டிரூப்பை 3 அதிகாரிகள், 62 வீரர்கள் என்று வைத்ததற்குக் காரணம் இரண்டு தரையிறங்கு படகுகளின் கொள்ளளவு. 1942 ஜூன் 19 அன்று வடக்கு அயர்லாந்தின் காரிக்ஃபெர்கஸில் அமெரிக்க அதிகாரி வில்லியம் டார்பி தொடங்கிய முதல் ரேஞ்சர் அணியும் அதைத் தழுவியே ஆறு சிறு கம்பெனிகளாக அமைந்தது. வேகமாக இறங்கித் தாக்கி மீள அந்த வடிவம் போதும். டாங்கியை எதிர்கொண்டு நிற்கப் போதாது.

அதற்கான விலை இத்தாலியின் சிஸ்டெர்னாவில் தெரிந்தது. 1944 ஜனவரி 30 அன்று ஆன்சியோ கடற்கரைமுனையிலிருந்து 1-ஆம், 3-ஆம் ரேஞ்சர் அணிகள் இரவில் வாய்க்கால்கள் வழியே ஊர்ந்து அந்த ஊரைப் பிடிக்கப் போயின. ஜெர்மானியர் அங்கே குறைவு என்று எண்ணிய இடத்தில் எதிர்த்தாக்குதலுக்குப் படைகள் குவிந்துகொண்டிருந்தன. திறந்த வயலில் விடிந்துவிட்டது. கையில் இருந்தவை துப்பாக்கி, கையெறிகுண்டு, பசூக்கா எனும் தோள் ராக்கெட், சிறு மோர்ட்டார். உதவிக்குப் புறப்பட்ட 4-ஆம் அணியால் வழி உடைக்க முடியவில்லை. போன 767 பேரில் ஆறு பேர் திரும்பினார்கள். சிறப்பு அணியை வழக்கமான காலாட்படையாகப் பயன்படுத்தினால் என்ன நடக்கும் என்பதற்கு இன்றும் காட்டப்படும் பாடம் இது.

1973 அக்டோபர் மேற்காசியப் போருக்குப் பின், உலகின் எந்த மூலைக்கும் விரைந்து செல்லும் இலகு காலாட்படை வேண்டும் என்று அமெரிக்கத் தரைப்படைத் தலைவர் கிரெய்டன் ஏப்ரம்ஸ் 1974-இல் ஃபோர்ட் ஸ்டூவர்ட்டில் 1-ஆம் அணியையும் ஃபோர்ட் லூயிஸில் 2-ஆம் அணியையும் அமைத்தார். 1983 அக்டோபர் 25 அன்று, அமெரிக்கா படையெடுத்த கரீபியத் தீவான கிரனடாவில் இரண்டும் பாயிண்ட் சலைன்ஸ் ஓடுதளத்தில் குதித்தன. ஓடுதளத்தைச் சுற்றிய மேடுகளில் விமான எதிர்ப்புத் துப்பாக்கிகள் இருந்ததால் குதிக்கும் உயரத்தை 500 அடியாகக் குறைத்தார்கள். அந்த உயரத்தில் ஆபத்துக்கால வான்குடை விரிய நேரமிருக்காது. ஓடுதளத்தில் கிடந்த தடைகளை அங்கேயே நின்ற புல்டோசரை இயக்கி அகற்றிய பிறகே பின்வரும் விமானங்கள் இறங்க முடிந்தது. ‘ஓடுதளம் கைப்பற்றல்’ என்ற பதிவில் இந்த மூன்றும் இருக்க வேண்டும்: குதித்தல், தடை நீக்கல், விமானம் இறக்கல். நடுவிலுள்ளது தாமதித்தால், குதித்தவர்கள் கொண்டுவந்த தோட்டாக்களோடு தனித்து நிற்க வேண்டியதுதான்.

1984-இல் 3-ஆம் அணியும் பொதுத் தலைமையகமும் ஃபோர்ட் பென்னிங்கில் வந்தன. வேவு, தகவல்தொடர்பு, உளவு, தெரிவு-பயிற்சி வேலைகளைத் தனியே வைக்க 2006-இல் ‘ஸ்பெஷல் ட்ரூப்ஸ் பட்டாலியன்’ சேர்ந்தது. இதை நேராகச் ‘சிறப்புப் படை அணி’ என்று மொழிபெயர்த்தால் மீண்டும் முதல் குழப்பம். ‘துணைப்பணி அணி’ என்று வேலையைப் பார்த்து எழுதலாம்.

ம., மதுரை

———

எண்ணோடு எழுதும் விதி எமக்கும் சரி. ‘தாக்கிமீளல்’ இங்கும் உடனே விளங்கும்.

கட்டுரை எழுதும் ஐயாவுக்கு ஓர் எச்சரிக்கை. ரேஞ்சர் பாடசாலை வேறு, ரேஞ்சர் ரெஜிமென்ட் வேறு. இரண்டு மாதப் பாடசாலை தலைமைத்துவப் பயிற்சி, எந்த அலகினரும் வரலாம், முடித்தவருக்குத் தோளில் ‘ரேஞ்சர்’ என்ற சிறு பட்டை கிடைக்கும். ரெஜிமென்டில் சேர அதற்கென்று தனித் தெரிவு உண்டு, இளநிலை வீரருக்கு எட்டு வாரம். அதன் அடையாளம் அணியின் எண் பொறித்த, சுருள் வடிவத் தோள்சின்னம். 2015-இல் முதற்பெண்கள் பாடசாலையில் தேறியபோது ‘ரேஞ்சர் படையில் சேர்ந்தனர்’ என்று எழுதியது இந்த வேறுபாடு தெரியாததால். பட்டை பெற்றவர் ‘ரேஞ்சர் பயிற்சி பெற்றவர்’, சுருள் அணிந்தவர் ‘ரேஞ்சர் அணி வீரர்’ என்று வையுங்கள். ‘ரேஞ்சர்’ என்பதை வனச்சரகர் என்று யாரும் மாற்றிவிடாதபடி முதற்பந்தியிலேயே ஒலிபெயர்ப்பைக் கட்டிவைப்பதும் நல்லது.

த., யாழ்ப்பாணம்