சுருட்டை முடிக்கு எந்த கிளிப்பர் வாங்கலாம்?

மாயவரத்தில் இருக்கிறேன். மகனுக்குக் கம்பி மாதிரி அடர்த்தியான சுருட்டை முடி. 8 மாதம் முன் வாங்கிய சார்ஜ் கிளிப்பர் (லித்தியம் பேட்டரி, ஸ்டீல் பிளேடு) இப்போது வெட்டாமல் முடியைக் கவ்வி இழுக்கிறது. போன ஞாயிறு பின்கழுத்தில் சிக்கி நின்றுவிட்டது. பிள்ளை கண்ணில் தண்ணீர். மனசு கேட்கவில்லை.

பிளேடைக் கழற்றி பிரஷால் சுத்தம் செய்தேன், தையல் மெஷின் எண்ணெய் இரண்டு சொட்டு விட்டேன். தலைக்கு ஊற்றிக் காயவைத்து, சிக்கெடுத்து, 12 மி.மீ. சீப்பு மாட்டியும் பார்த்தாயிற்று. ஐந்தே நிமிடத்தில் பிளேடு சுடுகிறது, சத்தம் அடங்குகிறது. ஐப்பசி மழை ஈரத்தில் பல் ஓரத்தில் துருப்புள்ளி வேறு. கும்பகோணம் வரை தேடியும் மாற்று பிளேடு இல்லை.

சலூன் அண்ணன் வயர் உள்ளதை வாங்கச் சொல்கிறார். இந்த முடியை இழுக்காமல் வெட்ட, 3,000 ரூபாய்க்குள் காந்த மோட்டார் (காந்த அதிர்வில் பிளேடை அசைப்பது) நல்லதா, ரோட்டரி மோட்டாரா (சுழன்று பிளேடை அசைப்பது)?