நெக்ரோனாமிகானைத் தேடிப் போனவர்கள் உங்கள் அனுபவத்தைச் சொல்லுங்கள்

என் கதையை முதலில் சொல்லிவிடுகிறேன். பதினேழு வயதில் ஏதோ ஒரு பேய்க்கதையில் அந்தப் பெயரைப் பார்த்தேன். கதை மறந்துவிட்டது, பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டது. ஏமன் நாட்டுப் பித்துப் பிடித்த கவிஞன் ஒருவன் எழுதிய மாந்திரீக நூல், படித்தவர்களுக்குப் புத்தி பேதலிக்கும் என்று இருந்தது. நேராக நூலகத்துக்குப் போய்க் கேட்டேன். நூலகர் சிரிக்கவில்லை. "அது கதைக்குள் மட்டும் இருக்கிற புத்தகம்" என்று சொல்லி, அதைக் கற்பனை செய்த அமெரிக்க எழுத்தாளர் எச்.பி. லவ்கிராஃப்டின் கதைத் தொகுப்பை எடுத்துக் கொடுத்தார். அன்றைக்கு எனக்கு அழுகையே வந்துவிட்டது. உங்களுக்கு எப்படி?

* * *

நான் கேட்டு அறியவில்லை, தோண்டித்தான் அறிந்தேன். அதனால் கொஞ்சம் நீளமாகச் சொல்கிறேன்.

லவ்கிராஃப்ட் 1927-இல் அந்த நூலுக்கு ஒரு வரலாறே எழுதி வைத்திருக்கிறார். அது கற்பனை என்று தெரியாமல், நோட்டுப் புத்தகத்தில் ஆண்டு வாரியாகக் குறித்துக்கொண்டேன். கவிஞன் 738-இல் டமாஸ்கஸில் மறைகிறான். பட்டப்பகலில், கண்ணுக்குத் தெரியாத ஒன்று அவனை விழுங்கியதாம். 950-இல் கிரேக்க மொழிபெயர்ப்பு. 1050-இல் கான்ஸ்டான்டினோப்பிளின் மதத்தலைவர் மிக்கேல் அதை எரிக்கிறார். 1228-இல் ஓலாஸ் வோர்மியஸ் லத்தீனில் பெயர்க்கிறார். 1232-இல் போப் ஒன்பதாம் கிரிகோரி தடை விதிக்கிறார்.

சரி, சரிபார்ப்போம் என்று கலைக்களஞ்சியத்தைத் திறந்தேன். ஒன்பதாம் கிரிகோரி உண்மையான போப், 1227 முதல் 1241 வரை பதவியில் இருந்தவர். கணக்கு பொருந்தியது. மிக்கேலும் உண்மையானவர், அவர் காலமும் பொருந்தியது. உடம்பு சிலிர்த்தது. அப்புறம் வோர்மியஸைத் தேடினேன். டென்மார்க் மருத்துவர், பிறப்பு 1588. தான் பிறப்பதற்கு 360 ஆண்டுகளுக்கு முன்பே ஒருவர் எப்படி மொழிபெயர்ப்பார்? அந்த ஒரு முடிச்சை இழுத்ததும் முழுத் துணியும் பிரிந்து வந்தது.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். லவ்கிராஃப்ட் யாரையும் ஏமாற்ற நினைக்கவில்லை. சக எழுத்தாளர் ராபர்ட் ஈ. ஹோவர்டுக்கு 1930-இல் எழுதிய கடிதத்தில், எல்லாம் தன் கற்பனைதான் என்று ஒளிவுமறைவில்லாமல் சொல்லிவிட்டார். வாசகர்கள் நூலகம் நூலகமாக அந்தப் புத்தகத்தைத் தேடி நேரத்தை வீணாக்குவதைக் கேள்விப்பட்டுக் குற்ற உணர்வு கொண்டதாகவும் ஒரு கடிதத்தில் எழுதியிருக்கிறார். அதைப் படித்தபோது, அவர் எனக்கே மன்னிப்புக் கடிதம் போட்டது போல இருந்தது.

* * *

அரபி படிக்கிறவள் என்பதால் எனக்குப் பெயரிலேயே சந்தேகம் வந்துவிட்டது. அந்தக் கவிஞன் பெயர் அப்துல் அல்ஹஸ்ரத். 'அப்துல்' என்பதன் கடைசியிலேயே 'அல்' இருக்கிறது, அதன் பின்னால் மறுபடி ஓர் 'அல்' வராது. அரபி பேசுகிற வீட்டில் இப்படிப் பெயர் வைக்க மாட்டார்கள். ஐந்து வயதில் அரேபிய இரவுக் கதைகளைப் படித்துவிட்டு லவ்கிராஃப்ட் தனக்கே சூட்டி விளையாடிய பெயராம் அது. ஆனால் நூலின் மூலப் பெயராக அவர் சொன்ன 'அல் அஸீஃப்' அப்படியல்ல. அஸீஃப் என்றால் இரவில் பாலைவனத்தில் கேட்கும் ஜின்களின் ஓசை. அந்தச் சொல்லைப் பார்த்த இடத்தில் நிஜமாகவே பயந்தேன்.

* * *

நான் வாங்கியே விட்டேன். 1977-இல் 'சைமன்' என்ற புனைபெயரில் ஒருவர் 'நெக்ரோனாமிகான்' என்றே தலைப்பிட்டு ஒரு நூல் வெளியிட்டாரே, அதன் சாதாரண அட்டைப் பிரதி. உள்ளே இருப்பதில் பெரும்பகுதி சுமேரிய, பாபிலோனியத் தெய்வங்கள். ஏழு கோள்களுக்கு ஏழு வாயில்கள், ஒவ்வொன்றையும் திறக்க ஒரு சடங்கு. லவ்கிராஃப்ட் இறந்து 40 ஆண்டுகள் கழித்து வந்தது என்பதை முன்னுரையைப் புரட்டும்போதே கணக்குப் போட்டிருக்கலாம். போடவில்லை, போட விரும்பவில்லை.

அப்பா போய் ஆறு மாதம் ஆகியிருந்தது. 'நெக்ரோஸ்' என்றால் கிரேக்கத்தில் பிணம் என்று எங்கோ படித்திருந்தேன். இறந்தவர்களிடம் பேச ஒரு வழி அதில் இருக்கும் என்று நானாக முடிவு செய்துகொண்டேன். மூன்று இரவு உட்கார்ந்து பென்சிலால் அடிக்கோடிட்டுப் படித்தேன். அப்பாவிடம் கேட்க நினைத்த கேள்விகளை ஓரத்தில் எழுதினேன். வீட்டுப் பத்திரத்தை எங்கே வைத்தீர்கள், கடைசி நாளில் என்னிடம் என்ன சொல்ல வந்தீர்கள், இப்படி.

முதல் வாயிலைக்கூட நான் திறந்து பார்க்கவில்லை. பத்திரம் அப்புறம் பீரோவில் கிடைத்தது. புத்தகம் இன்னும் என் அலமாரியில் இருக்கிறது. ஓரத்தில் எழுதியதை அழிக்கவில்லை.