ஸ்லோ குக்கரில் பட்டாணிப் பருப்பு சூப்: எட்டு மணி நேரமாகியும் பருப்பு கரையவில்லை

கேள்வி (டொராண்டோ)
வணக்கம். கிறிஸ்துமஸுக்கு ஓவனில் வைத்த ஹாமின் (பன்றித் தொடை) எலும்பு மிச்சமிருந்தது, இறைச்சியும் கொஞ்சம் ஒட்டியிருந்ததால் தூக்கிப் போட மனசு வரவில்லை. பச்சை நிற உடைத்த பட்டாணி 450 கிராம், ஏழு கப் தண்ணீர், வெங்காயம், கேரட், செலரி, இரண்டு தக்காளி, ஒரு தேக்கரண்டி உப்பு, எல்லாவற்றையும் எலும்போடு ஸ்லோ குக்கரில் (மெதுவாக வேகவைக்கும் மின்பாத்திரம்) போட்டு லோவில், அதாவது குறைந்த சூட்டில், வைத்துவிட்டு வேலைக்குப் போனேன். சாயங்காலம் வந்து திறந்தால் மேலே தெளிந்த தண்ணீர் நிற்கிறது, அடியில் பருப்பு தனியாகக் கிடக்கிறது, விரலில் நசுக்கினால் நறநறவென்கிறது. உப்போ வாயில் வைக்க முடியவில்லை. இதைக் காப்பாற்ற வழி உண்டா?

பதில் 1
தக்காளிதான் காரணம் தம்பி. துவரம்பருப்பு வேகும் முன்னே புளியை விட்டால் வேகாது என்று வீட்டில் சொல்வார்களே, அதேதான் இதுவும். புளிப்பு இருந்தால் பருப்பு லேசில் இளகாது, அதிலும் ஸ்லோ குக்கரில் சூடு மெதுவாக ஏறுவதால் இன்னும் மோசம். பருப்பு பழையதாக இருந்தாலும், குழாய்த் தண்ணீர் கடினமாக இருந்தாலும் இப்படித்தான் ஆகும். ஹாம் உப்பில் ஊறிய இறைச்சி, எலும்பிலிருந்தே உப்பு இறங்கிக்கொண்டிருக்கும், அதனால் உப்பைக் கடைசியில் ருசி பார்த்துத்தான் போட வேண்டும், பல நாள் போடவே தேவையிருக்காது.

கொட்டிவிடாதீர்கள். எலும்பை எடுத்துவிட்டுப் பெரிய பாத்திரத்துக்கு மாற்றி, இரண்டு சிட்டிகை சமையல் சோடா போட்டு அடுப்பில் கொதிக்க விடுங்கள். சோடா கூடினால் சோப்பு வாடை வரும், கவனம். இன்னொரு பாத்திரத்தில் 200 கிராம் பட்டாணியை உப்பில்லாமல் வெறும் தண்ணீரில் குழைய வேகவைத்து இதோடு கலந்தால் உப்பும் அடங்கும், கெட்டியாகவும் வரும்.

பதில் 2 (ராட்டர்டாம்)
இங்கே நெதர்லாந்தில் பட்டாணி சூப்புக்கு எர்டென்சூப் என்று பெயர், பேச்சு வழக்கில் ஸ்னெர்ட். பன்றியின் கணுக்கால், செலரியாக் கிழங்கு, லீக்ஸ், கேரட் எல்லாம் சேர்ந்து மணிக்கணக்காக வேகும், கடைசியில் ரோக்வொர்ஸ்ட் என்ற புகைபோட்ட தொத்திறைச்சியை வட்டம் வட்டமாக நறுக்கிப் போடுவார்கள். தொட்டுக்கொள்ள ரை என்ற தானியத்தின் மாவில் செய்த கறுப்பு ரொட்டி, அதை நம்ம ஊர்க் கம்பு ரொட்டி என்று நினைத்துவிட வேண்டாம். கரண்டியை நட்டால் நிற்க வேண்டும், அதுதான் பதம். நான் முந்தின நாளே செய்து வைத்துவிடுவேன், ஆற ஆறத்தான் இறுகும். தக்காளியை யாரும் கிட்டவே கொண்டுவருவதில்லை, நீங்களும் விட்டுவிடுங்கள்.

அப்புறம் ஒன்று. இடையிடையே மூடியைத் திறந்து பார்க்காதீர்கள், சூடு போய்விட்டால் திரும்ப ஏற நெடுநேரம் ஆகும். பட்டாணி அடியில், எலும்பு மேலே, தண்ணீர் எல்லாவற்றையும் மூடி நிற்க வேண்டும்.

பதில் 3
கடையில் மஞ்சள் பட்டாணிப் பருப்பு என்று நினைத்துக் கடலைப்பருப்பை வாங்கிவிடாதீர்கள், பார்க்க ஒரே மாதிரி இருக்கும், ஆனால் இப்படிக் கரையாது. கனடாவின் கியூபெக் மாகாணத்துப் பட்டாணி சூப்புக்கு முழு மஞ்சள் பட்டாணி, அதை ராத்திரியே ஊறவைக்க வேண்டும். உடைத்ததற்கு ஊறல் தேவையில்லை. இதே முறையில் ராஜ்மாவை மட்டும் செய்துவிடாதீர்கள், அதை நன்றாகக் கொதிக்கவைக்காமல் லோவில் விட்டால் வயிற்றைக் கெடுக்கும்.

கேட்டவர்
எல்லோருக்கும் நன்றி. சோடா போட்டு முக்கால் மணி நேரம் கொதித்ததும் பருப்பு இளகிவிட்டது, தனியாக வேகவைத்ததையும் சேர்த்தேன், உப்பு சரியாகிவிட்டது. எலும்பிலிருந்த இறைச்சியை நார் நாராகப் பிரித்துப் போட்டேன், மேலே மிளகுத்தூள். காலையில் ஃபிரிட்ஜிலிருந்து எடுத்தால் களி மாதிரி இறுகியிருந்தது, அரை கப் தண்ணீர் விட்டுக் கிளறிச் சூடாக்கினேன், மகன் இரண்டாவது கிண்ணம் கேட்டான். அடுத்த எலும்புக்கு ஈஸ்டர் வரை காத்திருக்காமல் புகைபோட்ட கணுக்கால் வாங்கப் போகிறேன். ராட்டர்டாம் அக்கா, ஒரு கணுக்காலுக்கு எவ்வளவு பட்டாணி போடுவீர்கள்?

பதில் 2 (ராட்டர்டாம்)
அரை கிலோ. தண்ணீர் இரண்டு லிட்டர்.