கற்பனை நகரத்து எண்மறை அறிஞர்: கணக்கில் ஓட்டையை எங்கே வைப்பது?

வைகைக்கரை: நாவலுக்கு ஒரு எண்மறை அறிஞர், அதாவது எண்களில் மறைபொருள் காண்பவர், வேணும். நம்ம மதுரை மாதிரி சதுரத்துக்குள் சதுரமா வீதிகள் ஓடும் நகரம். "வீதி எண்கள் தெய்வம் தந்தவை, ஒரே அமைப்புதான்" என்று சாதிக்கிறார். பாதி ஊர் கும்பிடுது, பாதி ஊர் புரட்டுங்குது. கணக்கு நிஜமாவே வேலை செய்யணும்.

மாசிவீதி: கரை கட்டிய மாயச் சதுரம் போடுங்க, அதாவது சின்ன மாயச் சதுரத்தைச் சுற்றி இன்னொரு சுற்று எண்கள். 5×5, 1 முதல் 25 வரை, வரிசை, நிரல், மூலைவிட்டம் எப்படிக் கூட்டினாலும் 65.
நடுவே உள்வீதியான ஆடி வீதி, கூட்டு 39:
16 9 14
11 13 15
12 17 10
வெளிச்சுற்றில் மேல் வரிசை 18 22 3 2 20. இடப்பக்கம் மேலிருந்து 18 19 21 1 6. மிச்சத்தை எதிரெதிர்க் கட்டங்களைக் கூட்டினா 26 வர்ற மாதிரி நிரப்புங்க. மூலைக்கு மட்டும் குறுக்கே உள்ள மூலைதான் சோடி. நடுவில் 1–9 வைத்தால் மாட்டிக்குவீங்க: உள்வரிசை 15, இரு ஓரத்திலும் பெரிய எண்களையே வைத்தாலும் 15+25+24=64, 65 எட்டவே எட்டாது.

எண்சுவடி: ஓட்டையும் அதிலேயே இருக்கு. உள் 3×3-ஐ மட்டும் கால் சுற்று திருப்புங்க, 65 குலையாது. "ஒரே அமைப்பு" காலி! எதிராளி சபையில் செய்து காட்டட்டும்.

தல்லாகுளத்தான்: அவரை 9 புனிதம்னு மட்டும் பேச விடாதீங்க, சலிச்சுப்போச்சு. 9-இன் மடங்குகளில் இலக்கங்களைக் கூட்டக்கூட 9 வருவது, நாம பத்துப் பத்தா எண்ணுவதால். அந்த உலகத்தில் எட்டு விரல், எட்டு எட்டா எண்ணுவாங்கன்னா அந்த மவுசு 7-க்கு. மூவேழை (ரெண்டு எட்டு, மிச்சம் அஞ்சு) 25-னு எழுதுவாங்க, 2+5=7.

வைகைக்கரை: இன்னொரு வீதி சேர்த்தா?

மாசிவீதி: 7×7 ஆகும். 5×5-இல் எல்லா எண்ணோடும் 12 கூட்டி அதுக்கு உள்ளே வைங்க. நடு 25, சோடி 50, வரிசை 175.