மறு: எமுலேட்டர் – ‘போலி’யா, ‘ஒத்தியங்கி’யா?

அன்புள்ள குழுவினருக்கு,

வணக்கம். ஒரு பொறியைப் போலவே நடந்து, அதற்கென எழுதிய நிரலை வேறிடத்தில் இயக்கும் மென்பொருளே எமுலேட்டர். அதற்குத் தமிழில் ‘போலி’ என்ற சொல்லை முன்வைத்த நண்பரின் காரணம் இலக்கணப்படி வலுவானதே. ஓர் எழுத்துக்கு மாற்றாக வேறோர் எழுத்து வந்தும் பொருள் மாறாமல் இருப்பதை இலக்கணம் போலி என்கிறது. பந்தல் என்பது பந்தர் ஆகும்போது எழுத்து மாறியும் பொருள் மாறுவதில்லை. எமுலேட்டரும் அடியில் உள்ள பொறிக்கு மாற்றாக நின்று, மேலே ஓடும் நிரலை அப்படியே விட்டுவிடுகிறது. ஆயினும் இன்றைய வழக்கில் போலி என்றதும் போலி மருந்தும் போலிப் பத்திரமுமே நினைவுக்கு வருகின்றன. உலாவி விளையாட்டுகளைப் பாதுகாக்கும் பணியில் இச்சொல்லைப் புகுத்தினால், காக்கப்பட்ட விளையாட்டையே போலி என்று வாசகர் எண்ணிவிடுவார். அது அப்பணிக்கு இழைக்கும் அநீதி.

உலாவியில் பிளாஷ் பிளேயர் என்ற செருகுநிரலின் (கூடுதலாக இணைக்கும் மென்பொருளின்) துணையோடு ஓடிய பிளாஷ் விளையாட்டுகளையே எடுத்துக்கொள்வோம். அடோபி நிறுவனம் பிளாஷ் பிளேயருக்கான ஆதரவை 2020 டிசம்பர் 31 அன்று நிறுத்தியது. 2021 ஜனவரி 12 முதல் அந்தச் செருகுநிரல் எதையும் இயக்க மறுத்தது. தனியாட்களும் சிறு குழுக்களும் உருவாக்கிய எண்ணற்ற விளையாட்டுகளின் கோப்புகள் இருந்தும், அவற்றைப் படித்து இயக்கும் பொறி இல்லாமற்போயிற்று. ரஸ்ட் என்ற நிரல்மொழியில் எழுதப்பட்ட ரஃபிள் என்ற எமுலேட்டர், உலாவிகள் நேரடியாக இயக்கவல்ல வெப்அசெம்பிளி என்ற நிரல்வடிவின் வழியாக உலாவிக்குள்ளேயே அப்பொறியின் வேலையைச் செய்கிறது. இணையக் காப்பகமான இன்டர்நெட் ஆர்க்கைவும் விளையாட்டுத் தளமான நியூகிரவுண்ட்ஸும் பழைய விளையாட்டுகளை இதன் துணையோடுதான் இன்றும் ஆடத் தருகின்றன. விளையாட்டுக் கோப்பு மூலக்கோப்பாகவே இருக்கிறது.

எமுலேட்டருக்குப் ‘பாவனை’ என்ற சொல்லும் பொருந்தாது. இலங்கை வழக்கில் அது பயன்பாட்டைக் குறிக்கும். பயனரைப் ‘பாவனையாளர்’ என்பது அங்கே அன்றாடச் சொல்.

எனவே ‘தானியங்கி’யின் அமைப்பில் ‘ஒத்தியங்கி’ என்று கொள்ளலாம் என்பது என் பரிந்துரை, தொழிற்பெயர் ‘ஒத்தியக்கம்’. கணினியின் வன்பொருளை இயக்க உதவும் டிரைவர் மென்பொருளுக்கு ‘இயக்கி’ ஏற்கெனவே வழங்குவதால் ‘ஒத்தியக்கி’ என்ற வடிவைத் தவிர்த்தேன். நில ஒத்தியும் ஒத்திவைப்பும் நினைவுக்கு வரலாமே என்று கேட்பீர்களானால், ‘இயங்கி’ என்ற ஈறு அந்த மயக்கத்தைப் போக்கிவிடும் என்றே கருதுகிறேன்.

சொல்லின் எல்லையையும் அகராதிக் குறிப்பில் வரையறுத்துவிட வேண்டும். உலாவி விளையாட்டுகளைத் தொகுத்துக் காக்கும் பிளாஷ்பாயிண்ட் திட்டம் பல விளையாட்டுகளுக்குப் பழைய பிளாஷ் பிளேயரையே உடன் தருகிறது. கூடவே, பயனரின் கணினியில் ஓடும் ஒரு பதிலி வழங்கியின் (இணைய வேண்டுகோள்களுக்கு இடையில் நின்று விடை தரும் நிரலின்) மூலம், விளையாட்டு தன் பழைய இணைய முகவரியிலேயே இருப்பதாக நம்பவைக்கிறது. சொந்தத் தளத்தைத் தவிர வேறெங்கும் ஓடாதபடி பூட்டப்பட்ட விளையாட்டுகளுக்கு அம்முறை பேருதவி. அங்கே பிளேயர் அசலே என்பதால் அதை ஒத்தியக்கம் என்று சொல்லக்கூடாது.

இலங்கை உறுப்பினர்களின் கருத்தை எதிர்பார்க்கிறேன்.

அன்புடன்